தாயின் தொழில் என்ற கட்டம்

பதுளையில் நான் வேலை பார்க்கும் அலுவலகத்தில் ஒரு தடித்த புத்தகம் இருக்கிறது. மனிதர்கள் செய்யும் தொழில்களை எல்லாம் பெரும் பிரிவு, உட்பிரிவு, சிறு பிரிவு என்று அடுக்கி, ஒவ்வொன்றுக்கும் நான்கு இலக்கத்தில் ஓர் எண் கொடுத்திருக்கும் புத்தகம். பயிற்சி தேடி வருகிற பிள்ளைகளிடம் நான் கேட்கவேண்டிய முதல் கேள்வி, அப்பா என்ன தொழில், அம்மா என்ன தொழில் என்பது. அவர்கள் சொல்வதைக் கேட்டு, புத்தகத்தைப் புரட்டி, எண்ணைக் கண்டுபிடித்து, கணினியில் பதிய வேண்டும். என் பதவிக்குத் தொழில் வழிகாட்டல் உதவியாளர் என்று பெயர். அதற்கும் அந்தப் புத்தகத்தில் ஓர் எண் உண்டு.

வேலைக்குச் சேர்ந்த முதல் வாரமே அந்தப் புத்தகத்தில் எங்கள் வீட்டைத் தேடினேன். அப்பா கவ்வாத்து வெட்டுகிறவர். தேயிலைச் செடி மறுபடி தளிர்க்கும்படி, எந்தக் கிளையை எந்தச் சாய்வில் வெட்டுவது என்று அறிந்து கத்தி போடும் வேலை. கத்தி ஒரு விரற்கடை பிசகினால் வெட்டிய இடத்தில் தண்ணீர் தேங்கி, அடுத்த வருஷம் செடி செத்துவிடும். புத்தகத்தில் அப்பாவைக் கண்டுபிடிக்க வெகுநேரம் ஆனது. ஒன்பதாம் பெரும் பிரிவில் இருந்தார். அடிப்படைத் தொழில்கள் என்று அதற்குத் தலைப்பு. எளிய வேலை, ஒரே மாதிரி வேலை, உடல் வலு போதும், படிப்புத் தேவையில்லை என்ற கருத்தில் கீழே விளக்கம். ஒன்பதுக்குப் பிறகு எண் இல்லை.

அந்தச் சனிக்கிழமை வீட்டுக்குப் போனபோது அப்பா கேட்டார், "என்னப்பா, புஸ்தகத்துல எனக்கு என்ன நம்பர் போட்டிருக்கான்?"

சொன்னேன்.

"புல்லு வெட்டுறவனுக்கு?"

"அதே நம்பர்தான்."

"தண்ணி ஓடுற கான் வெட்டுறவனுக்கு?"

"அதேதான் அப்பா."

"அப்ப லொத்தர் சீட்டு விழுந்தா மொத்தத் தோட்டத்துக்கும் சேத்துத்தான் விழும்," என்று சொல்லிவிட்டு அப்பா கத்தியைத் தீட்ட உட்கார்ந்தார். அவர் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

இந்தப் புத்தகத்துக்கு ஒரு தங்கச்சிப் புத்தகமும் உண்டு. பள்ளிக்கூடங்களுக்குக் கொடுக்கும் தொழில் வழிகாட்டி. வழவழப்பான தாள், பக்கத்துக்கு ஒரு தொழில், ஒவ்வொன்றிலும் ஓர் ஏணிப் படம். கீழ்ப்படியில் என்ன படிக்கவேண்டும், அடுத்த படியில் என்ன பயிற்சி, மேலே போனால் என்ன பதவி என்று காட்டும். ஒன்பதாம் பிரிவுக்காரர்களுக்கு அந்தப் புத்தகத்தில் பக்கமே இல்லை. ஏணி வேண்டாம் என்று யாரோ எங்கோ உட்கார்ந்து முடிவு செய்திருக்கிறார்கள்.

அந்த வழிகாட்டியை நான் முதன்முதலில் பார்த்தது பதினோராம் தரத்தில். நகரத்திலிருந்து ஓர் ஆலோசகர் வந்து எங்கள் வகுப்புக்கு ஒரு கேள்வித்தாள் கொடுத்தார். எங்களுக்கு எந்தத் தொழில் பொருந்தும் என்று அதுவே சொல்லிவிடுமாம். வீட்டிலுள்ள மின்சாதனங்களைப் பிரித்துப் பார்க்க உங்களுக்கு ஆவலா? விடுமுறையில் அருங்காட்சியகம் போக விரும்புவீர்களா? எங்கள் சிறு வீடான காம்பராவில் இருந்த மின்சாதனம் இரண்டு பல்பும் ஒரு டீவியும். டீவியைப் பிரித்தால் அப்பா என்னைப் பிரித்துவிடுவார். எல்லாவற்றுக்கும் இல்லை, இல்லை என்று போட்டுக்கொண்டே போனேன். என் பக்கத்தில் இருந்தவன் நேர்மையானவன். திறந்த வெளியில் வேலை செய்யப் பிடிக்குமா என்ற கேள்விக்கு ஆம் என்று போட்டுவிட்டான். அவனுக்குக் கிரிக்கெட் பிடிக்கும், அதனால்.

ஆலோசகர் அவன் தாளைப் பார்த்து, "நல்லது, நீர் தோட்டத்திலேயே இருக்கலாம்," என்றார். வகுப்பே சிரித்தது. நானும் சிரித்தேன். அவன் அதற்குமேல் உயர்தரம் படிக்கவில்லை. அந்த ஒரு வாக்கியத்தால்தான் என்று சொல்லமாட்டேன். ஆனால் எங்களைப் போன்ற பிள்ளைகளிடம் அந்த வாக்கியத்தைச் சொல்ல ஒருவருக்குச் சம்பளம் கொடுத்து, வாகனமும் கொடுத்து அனுப்பியிருந்தார்கள் என்பதை இன்று நினைத்தாலும் காது சூடாகிறது.

ஆனால் நான் எழுத வந்தது என் அம்மாவைப் பற்றி.

எங்கள் தோட்டம் அப்புத்தளையிலிருந்து ஹல்துமுல்லைப் பக்கம் இறங்கும் சரிவில் இருக்கிறது. அம்மா அங்கே பிள்ளை மடுவத்தில் வேலை செய்கிறார். கொழுந்தெடுக்கப் போகும் பெண்கள் காலையில் கைக்குழந்தைகளை விட்டுவிட்டுப் போகும் இடம் அது. இரண்டு அறை, ஓர் அடுப்படி, மோட்டு வளையில் வரிசையாகப் பழைய சேலையில் கட்டிய ஏணைகள். எனக்கு நான்கு வயதாக இருந்தபோது அம்மா மலையில் வழுக்கி விழுந்து முழங்கால் சில்லு பிசகிவிட்டது. சரிவில் கூடையோடு நிற்க முடியாது என்றானதும் மடுவத்துக்கு அனுப்பினார்கள். இருபது வருஷத்துக்கு மேலாகிவிட்டது.

அங்கே அம்மா என்ன செய்கிறார் என்று யாராவது கேட்டால், "சும்மா புள்ளகளப் பாத்துக்கிட்டு இருக்கேன்," என்பார். அந்தச் சும்மாவை நான் பார்த்திருக்கிறேன். எந்தக் குழந்தைக்கு எந்த ஏணை, எதற்கு எத்தனை மணிக்குப் பால், பத்து மணிக்குப் பால் கொடுக்க ஓடிவரும் தாய்மாரில் யாருக்கு மலை தூரம், யார் வரப் பிந்துவாள், அதுவரை அந்தக் குழந்தைக்கு எதைக் காட்டி வேடிக்கை பிடிப்பது, எல்லாம் அவர் தலைக்குள் இருக்கும். ஒருமுறை கதவு அடித்துச் சாத்தியபோது எல்லாக் குழந்தைகளும் திடுக்கிட, ஒன்று மட்டும் தன் விரலைப் பார்த்துக்கொண்டு கிடந்தது. அம்மா அதன் தலைமாட்டில் ஒரு தகரக் குவளையைத் தட்டிப் பார்த்தார். இரண்டு நாள் தட்டிப் பார்த்துவிட்டு, "இதுக்குக் காது கேக்கல, பதுளைக்குக் கொண்டு போங்க," என்று தாயிடம் சொன்னார். பெரியாஸ்பத்திரியில் அதையேதான் சொன்னார்கள். அங்கே அதைச் சொன்னவருக்கு எண் இரண்டில் தொடங்கும். தோட்டத் தொழிலாளியான என் அம்மாவுக்கு ஒன்பதில்.

சென்ற வருஷம் தோட்டத்துக்கு ஓர் அறிவித்தல் வந்தது. குழந்தைகளைப் பராமரிப்பவர்கள் எல்லோரிடமும் தகைமைச் சான்றிதழ் இருக்க வேண்டும். இல்லாதவர்களை வேறு வேலைக்கு மாற்ற வேண்டும். வேறு வேலை என்றால் மலையில் கொழுந்து. காலையில் ஆள்கணக்கெடுக்கும் பெரட்டில் வைத்துக் கங்காணி சொன்னதை அம்மா வீட்டில் வந்து சொன்னார். ஐம்பதைத் தாண்டிய, ஒரு முழங்கால் மடங்காத மனுஷி, மழைக்காலத்தில் கூடையோடு அந்தச் சரிவில் நிற்கவேண்டும். வந்த சான்றிதழ் விதி நல்ல விதிதான். குழந்தைகளை யார் கையிலும் கொடுத்துவிட முடியாது. எனக்கு அதில் குறையில்லை.

அதோடு எனக்கு ஒரு வழி தெரிந்திருந்தது. தெரிந்திருந்ததில் கொஞ்சம் கர்வமும் இருந்தது. ஒரு தொழிலை ஐந்து வருஷத்துக்கு மேல் செய்தவர்கள், வகுப்புக்குப் போகாமலே நேரே மதிப்பீட்டுக்கு விண்ணப்பிக்கலாம். வந்து வேலையைப் பார்த்துச் சான்றிதழ் கொடுப்பார்கள். வழிகாட்டியில் அந்தத் தொழிலுக்குப் பக்கமும் இருந்தது. சிறுவர் பராமரிப்பாளர், ஐந்தாம் பெரும் பிரிவு. ஏணியும் இருந்தது. அந்தப் பக்கத்தைப் படியெடுத்துக்கொண்டு, சனிக்கிழமை ரயிலில் அப்புத்தளை வந்து இறங்கினேன்.

அம்மா தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். மூன்றாம் வகுப்போடு நின்றவர். எழுத்துக் கூட்டி வாசிப்பார். படத்தில் ஒரு பெண் குழந்தையைத் தூக்கி வைத்திருந்தாள்.

"யாரு இந்தப் புள்ள? சட்டையில மடிப்புக்கூடக் கலையல. இவ கொழந்த பாக்குறவளா?"

"படத்துக்கு எடுத்ததும்மா. வேலையப் பாருங்க. இது நீங்க செய்யிற வேலதான்."

"நா செய்யிறதுக்குப் பேரெல்லாம் இருக்கா?"

"இருக்கு. நம்பரும் இருக்கு."

"ஒங்கப்பா நம்பரா?"

"இல்ல. வேற."

அம்மா அப்பாவைத் திரும்பிப் பார்த்த பார்வையை நான் மறக்கமாட்டேன். அப்பா, "ஆமா, இனி எங்களயெல்லாம் எங்க தெரியப்போகுது," என்றார்.

மதிப்பீட்டுக்கு விண்ணப்பிக்க ஒன்றே ஒன்று தேவைப்பட்டது. ஐந்து வருஷம் அந்த வேலையைச் செய்தார் என்று காட்டும் ஓர் ஆவணம். அதில் என்ன கஷ்டம் என்று நினைத்துக்கொண்டு திங்கட்கிழமை விடுமுறை போட்டுத் தோட்டத்து ஆபீசுக்குப் போனேன்.

பெரிய கிளாக்கர் என்னைப் பிறந்ததிலிருந்து தெரிந்தவர். "வாங்க தம்பி, பதுள ஆபீசரு. என்ன, நம்ம பயலுகளுக்கு ஏதும் வேல கொண்டாந்திருக்கீங்களா?" என்றார்.

விஷயத்தைச் சொன்னேன். செக்ரோலை எடுத்தார். தோட்டத்தில் வேலை செய்யும் ஒவ்வொருவரின் பெயரும் நாள்வேலையும் பதிகிற பேரேடு அது. அம்மாவின் பெயருக்கு நேரே விரலை வைத்தார்.

"லேபர்னுதான் இருக்கு. லேபர்னுதான் எழுதித் தர முடியும்."

"ஐயா, இருவது வருஷமா மடுவத்துல இருக்கிறது யாரு?"

"ஒங்கம்மாதான். நா இல்லேன்னா சொன்னேன்? எம் மூத்தவனே அங்கதான் தவழ்ந்தான்."

"அப்ப அத எழுதிக் குடுங்க."

"அது முடியாதே. எழுதுனா, அது லேபர் வேலையா, மாசச் சம்பளத்து ஸ்டாப் வேலையானு மேல இருந்து கேப்பான். ஸ்டாப் வேலைன்னா ஏன் இத்தன வருஷம் லேபரா வச்சிருந்தேன்னு கேப்பான். தொரை என்னையத்தான் புடிப்பாரு. வேல வேற, பதிவு வேற தம்பி. நீங்க படிச்சவரு, ஒங்களுக்குத் தெரியாததா?"

நான் குரலை உயர்த்திவிட்டேன். வேலை ஒன்று, பதிவு வேறொன்று என்றால் பதிவு பொய்தானே என்று கேட்டேன். இருபது வருஷமாக ஒரு மனுஷி செய்த வேலையை ஒரு வார்த்தை எழுதக் கூசுகிற ஆபீஸ் என்ன ஆபீஸ் என்று கேட்டேன். அவர் கோபப்படவில்லை. அதுதான் பயங்கரமாக இருந்தது. எழுந்து போய் அலுமாரியிலிருந்து ஒரு கோப்பை எடுத்து வந்து, கயிற்றை அவிழ்த்து, ஒரு தாளை என் முன்னால் வைத்தார்.

"இது யாரு எழுத்துனு பாருங்க."

என் எழுத்து.

லயம் என்ற எங்கள் வரிசை வீடுகளில் முதலில் படித்த பிள்ளை நான் என்பதால், ஏழாம் தரத்திலிருந்தே எங்கள் வரிசையிலுள்ள இருபது காம்பராவுக்கும் படிவம் நிரப்புகிறவன் நான்தான். அடையாள அட்டை, பிறப்புப் பதிவு, பாடசாலை அனுமதி, நிவாரணம், எல்லாம் என் கையால் போனவை. அதில் எங்களுக்கு ஒரு வழக்கம் இருந்தது. தொழில் என்ற கட்டத்தில் எல்லோருக்கும் தோட்டத் தொழிலாளி என்று மட்டுமே போடவேண்டும். காரணம் இல்லாமல் வந்த வழக்கமில்லை. ஐந்தாவது காம்பராக்காரர் தோட்டத்து லொறி ஓட்டுகிறவர். மகனுடைய அடையாள அட்டைப் படிவத்தில் லொறிச் சாரதி என்று உண்மையை எழுதிவிட்டார். பிறப்புச் சான்றிதழில் தொழிலாளி என்று இருந்தது. ஒன்றுக்கொன்று ஒத்துவரவில்லை என்று படிவம் மூன்று முறை திரும்பி வந்தது. ஒவ்வொரு முறையும் அவர் ஒரு நாள் வேலையை விட்டுவிட்டு டவுனுக்கு அலைந்தார். பையன் அட்டையில்லாமலே பரீட்சை மண்டபத்து வாசலில் போய் நின்றான். அன்றிலிருந்து லயமே கற்றுக்கொண்டது. எங்களுக்கு உண்மை ஆபத்து. எல்லாத் தாளிலும் ஒரே சொல் இருந்தால்தான் பாதுகாப்பு.

கிளாக்கர் வைத்த தாள், என் பதினான்காவது வயதில் தோட்டத்திலுள்ள எல்லாக் குடும்பங்களின் விபரங்களையும் திரட்டியபோது நான் நிரப்பியது. அதில் இரண்டு கட்டங்கள் இருந்தன. ஒன்று தொழில். அடுத்தது, உண்மையில் செய்யும் வேலையின் விபரம். அப்படி ஒரு கட்டம் இருந்தது. யாரோ ஒரு புண்ணியவான் எங்களைக் கேட்கத்தான் செய்திருக்கிறான். முதற் கட்டத்தில் தோட்டத் தொழிலாளி என்று எழுதியிருந்தேன். இரண்டாவதில் மேற்படி. அப்பாவுக்கு மேற்படி. அம்மாவுக்கு மேற்படி. பக்கத்துக் காம்பரா, அடுத்த காம்பரா, லொறிக்காரர், தொழிற்சாலையில் தூள் சலிப்பவர், இருபது காம்பராவுக்கும் கீழே வரை, அழகான எழுத்தில், மேற்படி, மேற்படி, மேற்படி. அந்த வருஷம்தான் பள்ளியில் அந்தச் சொல்லைப் படித்திருந்தேன். பெரிய மனிதர்கள் எழுதும் சொல் என்று எனக்கு அதில் ஓர் ஆசை.

"நீங்களே எழுதிக் குடுத்ததுதான் தம்பி. கீழ பாருங்க, ஒங்கம்மா கையெழுத்தும் இருக்கு," என்றார் கிளாக்கர்.

ஆபீஸ் படியிறங்கி வரும்போது மூடுபனி ஏறிக்கொண்டிருந்தது. யாரை ஏசுவது என்று தெரியவில்லை. அந்தச் சொல்லை எழுதச் சொன்ன லயத்தையா? உண்மை எழுதினால் திருப்பி அனுப்பிய அரசாங்கக் கந்தோர்களையா? செக்ரோலையா? மேற்படி என்று எழுதிய பதினான்கு வயதுப் பயலையா? எல்லோரையும் ஏசினேன். வாய்விட்டே ஏசினேன். எதிரே வந்த கொழுந்துக்காரப் பெண்கள் ஒதுங்கி நின்று, "படிச்ச புள்ளைக்கு என்னமோ ஆயிருச்சு," என்று ஒருத்திக்கொருத்தி சொன்னது காதில் விழுந்தது.

மறுநாள் அலுவலகத்தில் என் மேலதிகாரியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். நல்ல பெண்மணி. விதிப்படி நடப்பவர். சம்பளப் பேரேட்டில் இல்லாவிட்டாலும் பரவாயில்லை, அரச உத்தியோகத்தர் யாராவது எழுதிய, திகதியும் வேலையும் உள்ள ஏதாவது ஒரு தாள் போதும் என்றார். பிறகு அன்பாக, "வயசும் போயிட்டுது. எதுக்கு அவங்களப் போட்டுக் கஷ்டப்படுத்துறீங்க? இனி கொஞ்சம் ஓய்வா இருக்கச் சொல்லுங்களேன்," என்றார்.

எங்கள் வீட்டில் ஓய்வு என்றால் அப்பாவின் கத்தி மட்டுமே உலை வைக்கவேண்டும். அதை நான் மேலதிகாரிக்கு விளக்கப் போகவில்லை. புத்தகத்தில் அவருடைய எண் ஒன்றில் தொடங்கும். ஒன்றிலிருந்து ஒன்பதைப் பார்த்தால் ஓய்வு கண்ணுக்குத் தெரிகிறது போலும்.

அடுத்த சனிக்கிழமை தோற்ற முகத்தோடு வீட்டுக்குப் போனேன். தாள் கிடைக்காது, கிளாக்கர் தரமாட்டார் என்றேன். மேற்படியைப் பற்றியும் சொன்னேன். அம்மா அரிசி களைந்துகொண்டிருந்தார்.

"நீ என்ன செய்வ, அப்ப எல்லாரும் அதத்தான் போடச் சொன்னோம்," என்றார். பிறகு அரிசியைப் பார்த்தபடியே, "இந்த மிட்வைப் நோனாதான் சும்மா சும்மா எங் கையெழுத்த வாங்கும். அதெல்லாம் ஒதவாதா?" என்று கேட்டார்.

"எந்தக் கையெழுத்து?"

"கிளினிக்குக்குப் போறப்ப வாங்குறது."

மாதம் ஒருமுறை தோட்டத்துக் கிளினிக்கில் குழந்தைகளை நிறுக்கும் நாள் வரும். தாய்மார் மலையை விட்டு வந்தால் அன்றைக்கு அரைப்பேர்தான், பாதிச் சம்பளம். அதனால் அம்மாதான் நான்கு ஐந்தாகக் குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு போய் நிறுத்துக் கொண்டுவருவார். நோனா என்று அம்மா சொன்ன அரசாங்க மருத்துவிச்சி சிங்களப் பெண்மணி, கறாரானவர். தாய் வராவிட்டால் கொண்டு வந்தது யார் என்று எழுதி, கையெழுத்து வாங்காமல் விடமாட்டார். ஒவ்வொரு குழந்தையின் நிறை அட்டையிலும், ஒவ்வொரு மாதமும்.

நான் பக்கத்துக் காம்பராவுக்கு ஓடினேன். எங்கள் சரிவில் மழை பலத்தால் மண் இறங்கும். அதனால் ஒவ்வொரு வீட்டிலும் கதவுக்குப் பின்னால் ஒரு பொலித்தீன் பை தொங்கும், தூக்கிக்கொண்டு ஓடுவதற்கு. அடையாள அட்டை, பிறப்புச் சான்றிதழ், பிள்ளைகளின் நிறை அட்டை, எல்லாம் அதில்தான். பை அவிழ்ந்தது. அட்டை வந்தது. மாதாமாதம் திகதி. அதற்கு நேரே சிங்களத்தில், கொண்டு வந்தவர், பிள்ளை மடுவத்தில் குழந்தை பராமரிப்பவர். அதன் அருகே அம்மாவின் கோணல் கையெழுத்து.

அந்த வரியை எத்தனை முறை வாசித்தேன் என்று தெரியாது. எங்கள் பேச்சு அரைகுறையாய்த்தான் தெரிந்த ஒரு பெண், வெயிலிலும் மழையிலும் நின்று கிளினிக் மேசையில் அவசரமாக எழுதியது. கண்ணால் பார்த்ததை எழுதியிருந்தாள். அந்த வேலையால் வளர்ந்த மகன், அதற்குள் ஒன்பது வருஷம் தமிழ் படித்தவன், மேற்படி என்று எழுதினான்.

ஞாயிற்றுக்கிழமை பொழுதுக்குள் லயம் முழுவதும் பை அவிழ்ந்தது. வீட்டு வாசலில் பாய் போட்டு உட்கார்ந்து அட்டைகளை வருஷவாரியாக அடுக்கினேன். அட்டை கொண்டு வந்த வளர்ந்த பிள்ளைகளில் ஒருத்தன், மீசை அரும்பியவன், "இதுல ஒங்க கையெழுத்து நல்லாருக்கு பெரியம்மா, இதுல சேவல் கிளறுன மாதிரி இருக்கு," என்றான்.

"அது ஒன்னையத் தூக்கிக்கிட்டுப் போட்டது. நீ எங்க சும்மா இருந்த? நோனா மேலயே ஒண்ணுக்குப் போனவன்தானே நீ," என்றார் அம்மா. அவன் அந்தப் பக்கமே பிறகு வரவில்லை.

மேலதிகாரி அட்டைகளைப் பார்த்தார். பிரதியெடுத்துச் சீல் வைத்தார்.

மதிப்பீட்டுக்கு இரண்டு பெண்கள் மடுவத்துக்கே வந்தார்கள். நான் வெளியே ஜன்னலோரம் நின்றேன். ஒருவர் தாளைப் பார்த்து, குழந்தையின் உளவிருத்திப் படிநிலைகளைக் கூறும்படி கேட்டார். அம்மா சேலைத் தலைப்பை விரலில் சுற்றினார். கேள்வி இரண்டாம் முறையும் அதே சொற்களில் வந்தது. அதைக் கொஞ்சம் மனுஷத் தமிழில் கேட்டால் என்ன என்று உள்ளே போய்க் கத்தத் தோன்றியது.

அப்போது மூன்றாவது ஏணையில் ஒரு குழந்தை அழுதது. மற்றவர் போய்த் தூக்கக் குனிந்தார். அம்மாவுக்குச் சட்டென்று குரல் வந்தது.

"மிஸ், கை கழுவிட்டுத் தூக்குங்க."

அந்தப் பெண் நிமிர்ந்தார். பிறகு வெளியே வந்து, என் பக்கத்திலிருந்த குழாயில் கை கழுவினார். அதற்குள் அம்மா குழந்தையைத் தூக்கித் தோளில் போட்டுவிட்டார்.

"பசிக்குதோ?" என்றார் கேள்வி கேட்டவர். இப்போது மனுஷத் தமிழ்தான்.

"இல்லீங்க. பசின்னா வாய் தேடும். இது கையக் காதுகிட்ட கொண்டுபோகுது பாருங்க. காலையில இருந்து ஒரு பக்கமாவே படுக்குது. காது குத்தல். பத்து மணிக்கு அதோட அம்மா வரட்டும், டிஸ்பென்சரிக்கு அனுப்பிடுறேன்."

அதற்குப் பிறகு அவர் தாளைப் பார்த்துக் கேட்கவில்லை. மதியம் வரை உட்கார்ந்து பார்த்தார். நிறைய எழுதினார்.

சான்றிதழ் இரண்டு மாதத்தில் வந்தது. அம்மா மடுவத்திலேயே இருக்கலாம், மலைக்குப் போகவேண்டியதில்லை என்றானது. அப்பா அதைக் கண்ணாடி போட்டு மாட்டவேண்டும் என்றார். அம்மா அதைக் கதவுக்குப் பின்னாலுள்ள பையில் போட்டார்.

கதை இத்தோடு முடிந்திருந்தால் நான் இதை எழுத உட்கார்ந்திருக்கமாட்டேன். சான்றிதழின் பிரதியைக் கோப்பில் சேர்த்துக்கொண்டு தோட்டத்து ஆபீஸ் அம்மாவுக்கு ஒரு நியமனக் கடிதம் தயாரித்தது. கையெழுத்துப் போட வரச்சொன்னார்கள். அன்று நானும் கூடப் போயிருந்தேன். கிளாக்கர் பேனாவைத் திறந்து நீட்டினார். அம்மா பேனாவை வாங்கவில்லை. கடிதத்தைக் கையில் எடுத்து, எழுத்துக் கூட்டி வாசிக்கத் தொடங்கினார். கிளாக்கர் கடிகாரத்தைப் பார்த்தார். அம்மாவின் விரல் ஒரு வரியில் நின்றது. பிள்ளை மடுவத்தில் உதவி புரியும் தொழிலாளி.

"ஒதவியா? யாருக்கு ஒதவி? அங்க என்னைய விட்டா வேற யாரு இருக்கா?"

"அதெல்லாம் ஒரு பேச்சுக்குப் போடுறது அக்கா. சம்பளமும் மாறாது, வேலையும் மாறாது. கையெழுத்தப் போடுங்க."

"பேச்சுக்குன்னா பேசிக்கங்க. எழுதுறதா இருந்தா செய்யிறத எழுதுங்க."

எதற்கு வம்பு என்று என் வாயை எத்தனையோ முறை பொத்திய அம்மா. அவர்தான் இதைச் சொன்னார். ஆனால் அம்மா சண்டை போட அங்கே நிற்கவில்லை. பெரட்டுத் தப்படித்து, பெண்கள் குழந்தைகளோடு மடுவத்துக்கு வரும் நேரமாகிவிட்டது. கடிதத்தை மேசையில் வைத்துவிட்டு, முழங்காலைப் பிடித்துக்கொண்டு படியிறங்கிப் போனார்.

இது நடந்து மாதங்கள் ஆகின்றன. அம்மா தினமும் மடுவத்துக்குப் போகிறார். செக்ரோலில் இன்னும் லேபர்தான். கடிதம் கையெழுத்தில்லாமல் கிளாக்கரின் மேசையில் கிடக்கிறது. அவருக்குக் கோப்பை மூடவேண்டும். போன சனிக்கிழமை வழியில் என்னை மறித்து, அந்தக் கடிதத்தையே என் கையில் திணிக்கப் பார்த்தார்.

"தம்பி, நீங்க படிச்ச புள்ள. அம்மாகிட்ட எடுத்துச் சொல்லி ஒரு கையெழுத்த வாங்கிக் குடுங்க. ஒரு வார்த்தைதானே?"

நான் கையைப் பின்னால் கட்டிக்கொண்டேன்.

"அவங்க மடுவத்துலதான் இருக்காங்க ஐயா. நீங்களே போய்க் கேளுங்க," என்றேன். "உள்ள போறதுன்னா கை கழுவிட்டுப் போங்க."